பிள்ளையைக் காணவில்லை: முதல் மணித்தியாலங்களில் நாம் செய்ய வேண்டியவை

லயத்திலோ முகாமிலோ ஒரு பிள்ளையைக் காணவில்லை என்றால் நாம் என்ன செய்கிறோம்? உறவினர் வீடுகளில் தேடுகிறோம். பக்கத்துத் தோட்டத்துக்கு ஆள் அனுப்புகிறோம். "விடியட்டும், வந்துவிடும்" என்று ஒருவரையொருவர் தேற்றுகிறோம். பொலிஸ் நிலையம் கடைசியாகத்தான் ஞாபகத்துக்கு வருகிறது. அங்கும் "24 மணித்தியாலம் பொறுத்து வாருங்கள்" என்று சொன்னால் பேசாமல் திரும்பி விடுகிறோம். இந்தப் பாடத்தில் நாம் மனதில் பதிக்க வேண்டியது ஒன்றே: அப்படிக் காத்திருக்க வேண்டும் என்று எமது நாட்டுச் சட்டம் சொல்லவில்லை.

இடம்பெயர்ந்தோருக்கு ஏன் கூடிய கவனம் தேவை?

2014 ஒக்டோபர் 29ஆம் திகதி கொஸ்லந்தை மீரியபெத்தையில் மண்சரிவு லயன்களை மூடியது. பாடசாலைக்குப் போயிருந்ததால் உயிர் தப்பிய பிள்ளைகள் சிலர் பெற்றோரை இழந்தனர். தப்பிய குடும்பங்கள் பாடசாலைகளில் தங்க வைக்கப்பட்டன. இத்தகைய வேளையில் எந்தப் பிள்ளைக்கு யார் பொறுப்பு என்பது தெளிவில்லாமல் போகிறது. பிறப்புச் சான்றிதழும் படங்களும் மண்ணோடு போய்விடுகின்றன. முகாமுக்குள் வந்து போவோர் யார் எவர் என்றும் தெரிவதில்லை. "கொழும்பில் நல்ல வீடு, சாப்பாடும் படிப்பும் உண்டு" என்று தரகர் பேச்சுக் கொடுப்பதும் இந்த நேரத்தில்தான்.

பொலிஸ் நிலையத்தில்

1. தேடுவதற்குச் சிலர் போகட்டும். பெற்றோரில் ஒருவர் உடனே பொலிஸ் நிலையம் செல்ல வேண்டும். தனியே போகாமல் தோட்டத் தலைவர், ஆசிரியர், கிராம உத்தியோகத்தர் என யாரையாவது அழைத்துச் செல்வது நல்லது. சிறுவர், மகளிர் பிரிவு இருந்தால் அங்கே பேசக் கேளுங்கள்.

2. முறைப்பாட்டைத் தமிழில் சொல்லுங்கள். குற்றம் பற்றி வாய்மூலம் சொல்வதைச் சொன்ன மொழியிலேயே எழுதி வாசித்துக் காட்ட வேண்டும் என்கிறது 1979ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக் கோவை (109ஆம் பிரிவு). தமிழில் எழுத அங்கு ஆளில்லை என்றால், நீங்களே தமிழில் எழுதிக் கொடுக்கலாம். எழுதத் தெரியாவிட்டால், அவர்கள் எழுதியதை உங்களுக்கு விளங்கும் மொழியில் சொல்ல வேண்டும். விளங்காத எதிலும் கையொப்பமிட வேண்டாம்.

3. பிள்ளையின் வயது, உயரம், உடுத்திருந்த உடை, உடலில் உள்ள அடையாளம், கடைசியாகக் கண்ட இடம், நேரம், சந்தேகப்படும் ஆள் ஆகிய எல்லாவற்றையும் சொல்லுங்கள். படம் இருந்தால் கொடுங்கள். ஏனைய பொலிஸ் நிலையங்களுக்கும் செய்தி அனுப்பும்படி கேளுங்கள்.

4. முறைப்பாட்டு இலக்கத்தையும் எழுதிய உத்தியோகத்தரின் பெயரையும் குறித்துக் கொள்ளுங்கள். மறுநாளும் சென்று விசாரியுங்கள்.

"யாருடனாவது ஓடிப் போயிருக்கும்" என்று சொன்னால்?

14 வயதுக்குக் குறைந்த ஆண் பிள்ளையை, 16 வயதுக்குக் குறைந்த பெண் பிள்ளையை, பாதுகாவலரின் சம்மதமின்றி கூட்டிச் செல்வதோ ஆசைகாட்டி அழைப்பதோ தண்டனைச் சட்டக் கோவைப்படி குற்றம். பிள்ளை விரும்பிப் போனது என்பதால் குற்றம் இல்லாமல் போகாது. இதை மரியாதையாக, ஆனால் உறுதியாகச் சொல்லுங்கள்.

முறைப்பாட்டை ஏற்க மறுத்தால், தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகார சபையின் 1929 என்ற இலக்கத்துக்கு இரவிலும் பகலிலும் அழைக்கலாம். பிரதேச செயலகத்திலுள்ள சிறுவர் உரிமை மேம்பாட்டு உத்தியோகத்தரிடமும் சொல்லுங்கள். பொலிஸாரின் அசட்டை பற்றி மனித உரிமைகள் ஆணைக்குழுவிடம் முறையிடலாம்.

ஏழைகளின் சொல் ஏறாவிட்டால் என்ன நடக்கும் என்பதற்கு இந்தியாவின் நொய்டா நகருக்கு அருகிலுள்ள நிதாரி கிராமம் சாட்சி. பிழைப்புத் தேடி வந்து குடியேறிய குடும்பங்கள், பிள்ளைகளைக் காணவில்லை என்று திரும்பத் திரும்பப் பொலிஸாரிடம் போயின. உரிய கவனம் கிடைக்கவில்லை. 2006 டிசம்பரில் பிள்ளைகளின் எலும்புகள் கண்டெடுக்கப்பட்டன. பின்னர் பொலிஸார் சிலர் பணி நீக்கம் செய்யப்பட்டனர். 2013இல் இந்திய உச்ச நீதிமன்றம், காணாமற்போன பிள்ளை பற்றிய ஒவ்வொரு முறைப்பாட்டையும் குற்ற வழக்காகவே பதிய வேண்டும் என்று கட்டளையிட்டது.

வெட்கம் வாயை அடைக்கக் கூடாது

வேலைக்கு அனுப்பிய பிள்ளையிடமிருந்து தகவல் நின்றுவிட்டால், "நாமே அனுப்பினோமே, நம்மைப் பிடிப்பார்களே" என்று பெற்றோர் மௌனமாகி விடுகின்றனர். 2021 ஜூலையில் டயகமவைச் சேர்ந்த 16 வயதுச் சிறுமி, கொழும்பில் வேலை செய்த வீட்டில் தீக்காயமடைந்து வைத்தியசாலையில் உயிரிழந்ததை நாம் மறக்க முடியாது. வேலைக்கு அமர்த்தும் ஆகக் குறைந்த வயது அதே ஆண்டில் 14இலிருந்து 16 ஆக உயர்த்தப்பட்டது. பிள்ளையின் குரலைக் கேட்க வீட்டுக்காரர் விடவில்லை என்றால், அதுவே முறைப்பாடு செய்யப் போதுமான காரணம். குற்றம் யாருடையது என்பதைப் பிறகு பார்க்கலாம். முதலில் பிள்ளை உயிரோடு வீடு வர வேண்டும்.

குழுவாகக் கலந்துரையாடுவோம்

1. நமது பொலிஸ் நிலையத்தில் தமிழ் தெரிந்தவர் யார்? இல்லையென்றால் நம்மில் யார் கூடப் போவது?

2. நம் முகாமில் அல்லது லயத்தில் பெற்றோரைப் பிரிந்து வாழும் பிள்ளைகள் எத்தனை பேர்? அவர்களை ஒவ்வொரு நாளும் கணக்கெடுப்பது யார்?

3. தரகர் ஒருவர் வந்தால் அவருடைய பெயர், விலாசம், அடையாள அட்டை இலக்கம் ஆகியவற்றை எழுதி வைப்பது யார் பொறுப்பு?

அடுத்த கூட்டத்துக்கு முன் ஒவ்வொரு பிள்ளைக்கும் ஒரு தாள் தயாரிப்போம். பெயர், பிறந்த திகதி, அடையாளம், படம், பிறப்புச் சான்றிதழின் பிரதி ஆகியவை அதில் இருக்கட்டும். ஒரு பிரதி வீட்டில், இன்னொன்று மாதர் சங்கத்தில். மழை வந்தாலும் மண் சரிந்தாலும் ஒன்றாவது மிஞ்சும்.