நீலகிரி நால்வளையன்

கோடை விடுமுறையில் ஊருக்குப் போகும் நம் குடும்பங்கள் பல, இரண்டு நாள் ஊட்டிக்கும் போய்வருவது வழக்கம். பூங்காவையும் ஏரியையும் பார்த்துத் திரும்புவோம். மலையுச்சிப் புல்வெளியை மட்டும் "வெறும் புல்தானே" என்று விட்டுவிடுவோம். அந்தப் புல்லை நம்பி வாழும் பழுப்பு நிறப் பட்டாம்பூச்சி ஒன்றைப் பற்றித் தெரிந்துகொள்வோம்.

அதன் பெயர் நீலகிரி நால்வளையன். விஞ்ஞானப் பெயர் இப்திமா சேனு. மேற்குத் தொடர்ச்சி மலையின் தென்பகுதியைத் தவிர உலகில் வேறெங்கும் இது கிடையாது. சிறகை விரித்தால் தீப்பெட்டி நீளம்கூட இராது. பின்சிறகின் அடிப்புறத்தில் மஞ்சள் விளிம்பிட்ட நான்கு வளையங்கள், முன்சிறகில் பெரிதாக ஒன்று. பறவை இவற்றைக் கண் என்று நினைத்துச் சிறகோரத்தைக் கொத்தும்; பூச்சி உயிர் தப்பிவிடும் என்பது அறிஞர் கருத்து. தரையை ஒட்டித் தத்தித் தத்திப் பறக்கும். இவ்வகைப் பூச்சிகளின் புழுக்களுக்கு உணவு புல்தான்.

காட்டை அழித்ததால் வந்த புல்வெளி அல்ல இது. நீலகிரிச் சதுப்பு மண்ணை ஆராய்ந்தவர்கள், 20,000 ஆண்டுகளுக்கு முன்பே அங்கு புல்வெளி இருந்ததாகச் சொல்கிறார்கள். பள்ளங்களில் சோலைக்காடு, உறைபனியும் காற்றும் தாக்கும் மேடுகளில் புல் என்பதே அம்மலையின் இயல்பு.

ரயில் பாதையின் மண்கரை மழையில் கரையாதிருக்க நாங்கள் புல் பதிப்போம். மலையிலும் புல் அதே வேலையைச் செய்கிறது; மழைநீரை மண்ணில் இறக்கி, ஓடைகளுக்குச் சிறுகச் சிறுக விடுகிறது. பைக்காரா ஆறு பிறப்பது முக்குருத்திப் பகுதியில்தான்.

ஆனால் வெள்ளையர் காலத்தில் இதைத் தரிசு என்று கருதி, சீகை மரமும் தைல மரமும் நட்டார்கள். சுதந்திரத்துக்குப் பின்பும் தோல் பதனிடவும் செயற்கைப் பட்டு இழைக்கும் என்று நடுவது தொடர்ந்தது. பழனி மலையில் மட்டும் 1973க்கும் 2014க்கும் இடையே புல்வெளியில் மூன்றில் இரண்டு பங்கு போய்விட்டது. மரநிழலில் புல் மடியும். புல் மடிந்தால் நால்வளையன் எங்கே போகும்? அந்நிய மரங்களை அகற்றி இயற்கை நிலத்தை மீட்கத் தமிழக அரசு 2022இல் ஒரு கொள்கை வெளியிட்டது. ஆனாலும் போன புல்வெளியை மீட்பது எளிதல்ல. இருப்பதைக் காப்பதே முதல் வேலை.

நம் பிள்ளைகள் பள்ளியில் மரம் நடுகிறார்கள், நல்ல காரியம். "எந்த மரம், எந்த இடத்தில்?" என்று கேட்கவும் அவர்களுக்குச் சொல்லித்தருவோம்.

சிறுவர்களுக்கு மூன்று கேள்விகள்:
1. நால்வளையனுக்கு வளையங்கள் எதற்கு?
2. மலைமேட்டில் புல் செய்யும் வேலை என்ன?
3. மரம் நடுவதும் எப்போது தீங்காகும்?