ஒரே கேம் நாலு தரம் வந்தால்

கேள்வி: பழைய கேம்களை ஓட்டும் ரெட்ரோஆர்க் செயலியில் பிளேஸ்டேஷன் கேம்கள் வைத்திருக்கிறேன். பட்டியலில் ஒரே கேம் மூன்று, நாலு தரம் வருகிறது. எதை அழிக்கலாம்?
– வாசகர், லிங்கநகர், திருகோணமலை

பதில்: தம்பி, அவசரப்பட்டு ஒன்றையும் அழிக்க வேண்டாம். முதலில் சேவ் கோப்புகளைப் பென்டிரைவில் படியெடுத்து வையுங்கள். கேமை மறுபடி தேடிப் பிடிக்கலாம். நாற்பது மணித்தியாலம் விளையாடிய சேவ் போனால் போனதுதான்.

சிடி கேம் பெரும்பாலும் பெரிய 'பின்' கோப்பும் சின்ன 'கியூ' கோப்புமாக இருக்கும். கியூ சின்னதாக இருக்கிறதே என்று பலர் தூக்கி எறிந்துவிடுகிறார்கள். அதை நோட்பேடில் திறந்து பாருங்கள்: பின் கோப்பின் பெயரும் பாட்டு, பேச்சுத் தடங்கள் தொடங்கும் இடமும் சில வரிகளில் இருக்கும். பின்னின் பெயரை மட்டும் மாற்றினாலும் கேம் திறக்காது. ஆகவே பட்டியலில் கியூ பதிவை வைத்து, பின் பதிவை நீக்குங்கள். பட்டியலில் நீக்கினால் பதிவுதான் போகும், கோப்பு அப்படியே கிடக்கும்.

பல டிஸ்க்கில் வந்த கேமும் டிஸ்க்குக்கு ஒன்றாகப் பல தரம் வரும். 1997இல் வந்த ஃபைனல் ஃபேன்டசி 7 மூன்று டிஸ்க். மூன்றின் கியூ கோப்புப் பெயரையும் வரிக்கு ஒன்றாக எழுதி, எம்3யூ கோப்பாகச் சேமித்தால் பட்டியலில் ஒரே பதிவாக நிற்கும். பழைய சேவின் பெயரையும் அந்தக் கோப்பின் பெயருக்கே மாற்றிவிடுங்கள். இல்லாவிட்டால் விட்ட இடத்திலிருந்து தொடர முடியாது.