படிக்கட்டை ஒட்டிய வீடு

அன்புள்ள மாணவிக்கு,

வேளச்சேரி விடுதியில் ஓர் அறைக்கு நான்கு கட்டில் இருந்தும் பேச ஆளில்லை என்று எழுதியிருந்தாய். ‘என் மனசுக்கு ஒத்தவர் இந்த ஊரில் யாருமில்லை’ என்று சொல்லி, துணைக்குப் பிசிராந்தையாரையும் இழுத்திருந்தாய். அங்கேதான் எனக்குக் கோபம் வந்தது. காணாமலே சோழனிடம் நட்புக்கொண்டு, அவனுக்காக வடக்கிருந்த புலவரை இன்றுவரை நாம் பேசுவதே, அப்படிப்பட்ட நட்பு அபூர்வம் என்பதால்தான். அபூர்வத்தை அளவுகோலாக வைத்தால் எவருக்குமே நண்பர் கிடைக்கமாட்டார்.

ஃபெஸ்டிங்கர், ஷாக்டர், பேக் மூவரும் 1950-இல் வெளியிட்ட நூலை நான் அடிக்கடி எடுத்துப் படிப்பேன். அமெரிக்காவின் எம்.ஐ.டி.யில் மணமான மாணவர்கள் குடியிருந்த வீடுகளைப் பற்றியது. யாருக்கு எந்த வீடு என்பதை அவர்கள் தேர்ந்தெடுக்கவில்லை, காலியானதில் குடியேறினார்கள். ஒரே தளத்தில் அடுத்த வீட்டாரை நண்பராகச் சொல்லும் வாய்ப்பு 41 சதவீதம். நான்கு வீடு தள்ளிப் போனால் வெறும் 10. மாடிப்படியின் அடியில் குடியிருந்தவர்களுக்கோ, கீழ்த்தளத்து மற்றவர்களைவிட மாடிவீட்டு நண்பர்கள் அதிகம். குணத்தில் அவர்கள் உசத்தியா? இல்லையம்மா. ஏறுகிறவரும் இறங்குகிறவரும் அவர்கள் வாசலைக் கடந்தே போனார்கள், அவ்வளவுதான். நட்புக்கு முதல் காரணம் மனமல்ல, வழி என்பது என் உறுதியான எண்ணம்.

‘அவர்கள் ஒரே வயது, ஒரே நிலைமை’ என்பாய். உன் அறையில் மட்டும் என்ன? மூன்று பக்கக் கடிதத்தில் அந்த மூவரில் ஒருத்தி பெயர்கூட இல்லையே!

தினமும் அம்மாவிடம் போனில் பேசியும் வெறுமை போகவில்லை என்கிறாய். ராபர்ட் வைஸ் 1973-லேயே இதைப் பிரித்துக் காட்டினார்: நெருங்கிய ஓர் உறவு இல்லாத தனிமை வேறு, பழகும் வட்டம் இல்லாத தனிமை வேறு. ஒன்றின் குறையை மற்றொன்று தீர்க்காது. உனக்குக் குறைவது இரண்டாவது. அம்மாவின் அன்பை அதற்காகக் குறை சொல்லாதே.

ஆகவே, மெஸ் தட்டைக் கட்டிலுக்குத் தூக்கிப் போகாதே. கீழேயே, தினமும் அதே நேரத்தில் உட்கார்ந்து சாப்பிடு. பறக்கும் ரயிலில் ஒரே வண்டி, ஒரே மகளிர் பெட்டியில் ஏறு. காதில் மாட்டியிருப்பதைக் கழற்றிவிடு. மனம் ஒத்தவர்தானா என்பதை ஆறு மாதம் கழித்து யோசிக்கலாம். முதலில் முகம் பழகட்டும்.

அன்புடன்,
உன் ஆசிரியர்