பயத்தைத் தின்னும் காளான்

எட்டாம் வகுப்பில் பூஞ்சைகளைப் பற்றி நடத்தி முடித்த அன்று, இருட்டில் ஒளிரும் காளான்களும் உண்டு என்று போகிற போக்கில் சொன்னேன். வகுப்பே நிமிர்ந்து உட்கார்ந்தது. கடைசி வரிசை மாணவி ஒருத்தி மட்டும் மெதுவாக, “எங்க பாட்டி சொல்வாங்க டீச்சர், ராத்திரி தோப்புக்குள்ள வெளிச்சம் தெரிஞ்சா அது கொள்ளிவாய்ப் பிசாசாம். எனக்குக் கனவுலகூட வரும்” என்றாள். பலர் சிரித்தார்கள். நானும் சிரித்துவிட்டு, “அதெல்லாம் ஒன்றும் இல்லை, உட்கார்” என்றேன். அதன்பின் அவள் வாய் திறக்கவில்லை. நான் செய்தது என்னவென்று வீட்டுக்குப் போன பிறகுதான் உறைத்தது.

மறுநாள் பாடத்தை மாற்றினேன். கனவோடும் பயத்தோடும் தொடர்புடைய ஒளிரும் காளான் ஒன்றை ஒவ்வொருவரும் கற்பனை செய்து, அரைப் பக்கம் எழுதிப் படமும் வரையச் சொன்னேன். அவள் எழுதியது: பயந்தவர்களின் கனவில் முளைக்கும் காளான், பயத்தைத் தின்று வளரும், பயம் கூடக்கூட ஒளியும் கூடும். பிறகு ஒவ்வொரு காளானிடமும் ஒரே கேள்விகளைக் கேட்டோம். எதைத் தின்கிறது? ஒளி எங்கிருந்து வருகிறது? ஒளிர்வதால் அதற்கு என்ன லாபம்? இதையெல்லாம் எப்படிச் சோதிப்பது?

உண்மைக் காளான்களை இந்த இடத்தில்தான் உள்ளே கொண்டுவந்தேன். இதுவரை 100-க்கும் மேற்பட்ட ஒளிரும் இனங்கள் அறியப்பட்டுள்ளன. பெரும்பாலானவை மட்கும் மரத்தைத் தின்பவை. சிலவற்றில் குடை ஒளிர்வதில்லை. மரத்துக்குள் ஓடும் பூஞ்சை இழைகள் மட்டுமே ஒளிரும். அப்போது கட்டையே பச்சையாக மினுங்குவதுபோல் தெரியும். மகாராஷ்டிரத்தின் பீமாசங்கர் காட்டில் மழைக்காலத்தில் இதைப் பார்க்கலாம். லூசிஃபெரின் என்னும் பொருள் நொதியின் உதவியால் ஆக்சிஜனுடன் வினைபுரியும்போது வெளிச்சம் பிறக்கிறது, சூடு தெரியாது. 1667-இல் ராபர்ட் பாயில் ஒளிரும் மரத்துண்டைக் கண்ணாடிக் கலத்தில் வைத்துக் காற்றை வெளியேற்றினார். ஒளி மங்கி மறைந்தது. காற்றை உள்ளே விட்டதும் திரும்பியது. விடையை முதலில் சொல்லாமல், “காற்றை எடுத்தால் என்ன ஆகும்?” என்று கேட்டுவிட்டுக் காத்திருங்கள். அந்த இரண்டு நிமிட விவாதம் பாடத்தின் பாதி.

லாபம் என்ன என்பதற்கு பிரேசில் காளான் ஒன்று விடை தருகிறது. தென்னை வகை மரங்களின் அடியில் வளரும் அதன் ஒளி, உள் கடிகாரத்தின்படி இரவில் கூடுகிறது. 2015-இல் வெளியான ஆய்வில், பச்சை விளக்கு பொருத்திய செயற்கைக் காளான்களைக் காட்டில் வைத்தபோது, விளக்கில்லாதவற்றைவிட அவற்றில் பூச்சிகள் அதிகம் சிக்கின. வித்துகளைப் பரப்பப் பூச்சிகள் உதவக்கூடும். இதே காளானைப் பற்றி ஜார்ஜ் கார்ட்னர் என்ற தாவரவியலாளர் 1840-இல் எழுதினார். அதை முதலில் அவர் பார்த்தது காட்டில் அல்ல, தெருவில். சிறுவர்கள் அதை வைத்து விளையாடிக்கொண்டிருந்தார்கள். இதைச் சொன்னதும் அந்த மாணவி தலை நிமிர்ந்தாள். ஓரிடத்தில் பிசாசாக எண்ணக்கூடிய வெளிச்சம் இன்னோரிடத்தில் விளையாட்டுச் சாமான்.

வகுப்பில் காட்ட ஒளிரும் காளான் கிடைக்காது. ரேடியம் ஸ்டிக்கர் போதும். ஒன்றை வெயிலில் வைத்தும், இன்னொன்றை முதல் நாளே பெட்டிக்குள் மூடி வைத்தும், இருட்டறையில் ஒப்பிடுங்கள். ஸ்டிக்கர் வாங்கிய ஒளியைத்தான் திருப்பித் தருகிறது; காளான் தானே உண்டாக்குகிறது. இருட்டுக்குக் கண் நன்றாகப் பழக இருபது, முப்பது நிமிடம் ஆகும் என்பதையும் சொல்லலாம். கைப்பேசி விளக்கோடு போகிறவர்களுக்கு இந்த மெல்லிய ஒளி தெரியாது.

ஒன்றை மட்டும் கண்டிப்பாகச் சொல்லுங்கள்: காட்டுக் காளானைப் பறித்து வாயில் வைக்கக் கூடாது. ஜப்பானில் ஒளிரும் காளான் ஒன்றை உண்ணத்தக்கது என்று தவறாக எண்ணிச் சமைத்து நஞ்சுக்கு ஆளாகிறவர்கள் உண்டு. ஒளிர்வது எல்லாம் நஞ்சு, ஒளிராதது எல்லாம் நல்லது என்ற முடிவுக்கும் பிள்ளைகள் வந்துவிடக் கூடாது.

கொள்ளிவாய்ப் பிசாசு பொய் என்று நான் மறுபடி சொல்லவில்லை. அந்த வெளிச்சம் நகர்ந்ததா, ஒரே இடத்தில் நின்றதா, எந்த மாதம், மழை பெய்திருந்ததா என்று பாட்டியிடம் கேட்டு வரச் சொன்னேன். அவள் ஒரு கேள்வியோடு திரும்பி வந்தாள். “என் காளான் பயத்தைத் தின்னுதுன்னா, எவ்வளவு தின்னுச்சுன்னு பயத்தை எப்படி டீச்சர் அளக்கிறது?”

நாடித்துடிப்பை எண்ணலாம் என்றான் ஒருவன். அடுத்த வாரம் அவளே முன்னால் நின்று பாட்டியின் கதையைச் சொன்னாள். மற்றவர்கள் கதைக்கு முன் ஒரு நிமிடமும், முடிந்ததும் ஒரு நிமிடமும் தங்கள் துடிப்பை எண்ணிக் குறித்தார்கள். அன்று முதலில் சிரித்த பையன்களில் இருவருக்குத்தான் அதிகம் ஏறியிருந்தது.