திசு வளர்ப்பு வாழை: பழியும் மிகை, புகழும் மிகை

திசு வளர்ப்பு வாழையைப் பற்றி இரண்டு விதமான பேச்சு உலவுகிறது. வாங்கிச் சாப்பிடுகிறவர் ‘அது லேப்பில் செய்த பழம், உடம்புக்கு ஆகாது’ என்கிறார். பயிரிடுகிறவர் ‘அதை நட்டால் நோயே வராது’ என்கிறார். மஸ்ஜித் இந்தியாவில் பூசைக்குச் சீப்பு வாங்குகிறவரும் கிள்ளானில் வீட்டுக்குப் பின்னால் நாலு கன்று நடுகிறவரும் இந்த இரண்டையும் நம்ப வேண்டியதில்லை. இரண்டும் ஒரே காரணத்தால் தவறு. திசு வளர்ப்பு புதிய வாழையை உண்டாக்கும் வித்தை அன்று, இருக்கிற வாழையைச் சுத்தமாகப் பெருக்கும் வழி மட்டுமே.

நம்பிக்கை 1: இது மரபணு மாற்றிய பழம், அதனால்தான் விதை இல்லை.

உண்மை: நாம் உண்ணும் வாழை விதையை இழந்தது ஆய்வகங்கள் தோன்றுவதற்கு வெகுகாலம் முன்பு. மலாயாக் காட்டோரங்களில் வளரும் காட்டு வாழையை உரித்தால் கெட்டியான கறுப்பு விதைகள்தான் மிகுதி. மகரந்தம் சேராமலே காய் பருக்கும் மரங்களை மனிதர்கள் தேர்ந்தெடுத்துப் பக்கக் கன்றுகளால் பெருக்கினார்கள். நியூகினியின் கூக் சதுப்பு நிலத்தில் ஏறத்தாழ 7,000 ஆண்டுகளுக்கு முன்பே வாழை பயிரான தடயம் கிடைத்திருக்கிறது. ஆய்வகத்தில் நடப்பதும் இதே வேலைதான். பக்கக் கன்றின் குருத்து முனையை வெட்டியெடுத்து, கிருமி நீக்கி, புட்டிக்குள் உப்புகளும் சர்க்கரையும் கலந்த கூழில் வைக்கிறார்கள். சைட்டோகைனின் என்னும் வளர்ச்சி ஊக்கி அதைப் பல குருத்துகளாகக் கிளைக்க வைக்கிறது. வெளி மரபணு எதுவும் உள்ளே போவதில்லை. அந்த ஊக்கி பழத்தில் தங்கிவிடாதா என்று கேட்கலாம். இளநீரிலேயே இயற்கையாகச் சைட்டோகைனின் உண்டு. 1940களில் ஆய்வாளர்கள் கூழில் இளநீரைத்தான் கலந்தார்கள். லிட்டருக்குச் சில மில்லிகிராம் சேர்க்கும் பொருள், கன்று புட்டியை விட்டு வந்து, நாற்றங்காலில் பழகி, தோட்டத்தில் பல மாதம் வளர்ந்து தார் தள்ளும்வரை தங்கியிருக்க வழியில்லை. திசு வளர்ப்பு வாழையில் ருசி குறைவு என்று சொல்வதும் இதே போலத் தவறுதான். ருசியைத் தீர்மானிப்பவை ரகம், மண், வெட்டும் பருவம், பழுக்க வைக்கும் முறை ஆகியவை. கேவண்டிஷை ரஸ்தாளியோடு ஒப்பிட்டுவிட்டு ஆய்வகத்தைக் குறை சொல்வது நியாயமில்லை. மரபணு மாற்றிய வாழையும் உலகில் உண்டு, ஆனால் அது வேறு. ஆஸ்திரேலியா 2024இல் அனுமதித்த கியூகேவ்-4 என்ற கேவண்டிஷில், மலாயாக் காட்டு வாழையினத்தின் மரபணு ஒன்று சேர்க்கப்பட்டிருக்கிறது.

நம்பிக்கை 2: திசு வளர்ப்புக் கன்றை நட்டால் நோய் வராது.

உண்மை: கன்று நோயில்லாமல் வரும், நோயை எதிர்க்கும் சக்தியோடு வராது. தோட்டத்தில் பெயர்த்த பக்கக் கன்றோடு நூற்புழு, கிழங்கு வண்டு, வாடல் பூஞ்சை எல்லாம் சேர்ந்தே பயணம் செய்யும். புட்டியில் வளர்ந்த கன்று இவற்றைக் கொண்டு வராது என்பது பெரிய லாபம். ஆனால் ரஸ்தாளி ரஸ்தாளிதான். வாடல் நோய்க்கு எளிதில் பலியாகும் குணமும் அதோடுதான் வரும். 1990களின் தொடக்கத்தில் தீபகற்ப மலேசியாவின் கேவண்டிஷ் தோட்டங்களைச் சாய்த்த டிஆர்4 என்ற வாடல் பூஞ்சை, மண்ணில் பல்லாண்டு உயிரோடு கிடக்கக்கூடியது. அந்த மண்ணில் நட்டால் சுத்தமான கன்றும் சாகும். மண்ணின் நல்ல நுண்ணுயிர்களோடு பழகாத இளங்கன்று, சாதாரணக் கன்றைவிட விரைவாகக்கூட நோய்க்கு ஆளாகலாம். வைரஸ் இன்னும் சிக்கலானது. தாய்மரத்தில் வைரஸ் இருந்தால் குருத்து முனையிலும் தங்கி, ஆயிரக்கணக்கான கன்றுகளில் பெருகிவிடும். அதனால்தான் இந்தியா 2006இல் திசு வளர்ப்புக் கன்றுகளுக்கு வைரஸ் சோதனையோடு கூடிய தேசியச் சான்றிதழ் முறையைக் கொண்டுவந்தது.

நம்பிக்கை 3: எல்லாம் ஒரே அச்சாகி, நாட்டு ரகங்கள் அழிந்துவிடும்.

உண்மை: இந்தக் கவலையில் பாதி நியாயம் உண்டு. ஒரே ரகத்தைக் கண்ணுக்கெட்டிய தூரம் நட்டால் ஒரு நோய் வந்து அத்தனையையும் முடித்துவிடும். ஆனால் அந்தக் குற்றம் புட்டியுடையதல்ல. மத்திய அமெரிக்காவில் குரோ மிஷெல் வாழையைப் பனாமா வாடல் அழித்தபோது அங்கே நடப்பட்டிருந்தவை பக்கக் கன்றுகளே. அவையும் ஒன்றின் நகல்களே. அழிவின் விளிம்புக்குப் போன ரகத்தை மீட்கவும் இதே முறை உதவியிருக்கிறது. பழனி மலைப்பகுதியின் விருப்பாச்சி வாழை, முடிக்கொத்து என்னும் வைரஸ் நோயால் பரப்பளவு சுருங்கிப் போனது. தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் வைரஸ் இல்லாத தாய்மரங்களைச் சோதித்துத் தேர்ந்து, திசு வளர்ப்பில் பெருக்கி விவசாயிகளுக்குக் கொடுத்தது. பெல்ஜியத்தின் லூவன் நகரத்து வாழை வங்கி 1,500க்கும் மேற்பட்ட வாழை வகைகளைப் புட்டிகளில் காத்து வைத்திருக்கிறது. நகலும் எப்போதும் அச்சாக வருவதில்லை. திரும்பத் திரும்பப் பிரித்துப் பெருக்கும்போது குட்டையாகவோ இலை சுருங்கியோ சில கன்றுகள் மாறிப்போகும். விவசாயிக்கு இது நட்டம், ஆனால் தைவான் வாழை ஆராய்ச்சி நிலையம் இதையே வாய்ப்பாக்கியது. மாறிய கன்றுகளை நோய் மண்ணில் நட்டுத் தாங்கி நின்றவற்றைப் பொறுக்கி, ஃபார்மோசானா போன்ற ரகங்களை எடுத்தது. மலேசியாவில் 1990களில் வெளிவந்த நோவேரியாவும், திசு வளர்ப்புக் குருத்து முனையில் காமாக் கதிர் பாய்ச்சித் தேர்ந்த சீக்கிரம் பூக்கும் வாழைதான்.

ஆக, கன்றின் தரம் முறையில் இல்லை, தாய்மரத்தில் இருக்கிறது. நல்ல தாய் கிடைத்தால் நன்மை ஆயிரமாகும். கெட்ட தாய் கிடைத்தால் கேடும் ஆயிரமாகும். பக்கக் கன்றைவிடக் கூடுதல் விலை கொடுத்து வாங்குகிறவர் நாற்றுக்காரரிடம் கேட்க வேண்டியவை மூன்று: என்ன ரகம், தாய்மரம் வைரஸ் சோதனை செய்யப்பட்டதா, கன்று நாற்றங்காலில் போதிய காலம் பழகியதா. இவற்றுக்குப் பதில் கிடைக்காவிட்டால் அந்தக் கூடுதல் விலைக்குப் பொருளில்லை. சாப்பிட மட்டும் வாங்குகிறவர் பழத்தின் ரகத்தையும் பழுத்த விதத்தையும் பார்த்தால் போதும்.