அவமதிப்பு வழக்கில் மன்னிப்புக் கேட்பது எப்படி?

நீதிமன்ற அவமதிப்புச் சட்டம், 1971-இன் 12-ஆம் பிரிவு ஆறு மாதம் வரை வெறுங்காவல், 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும் விதிக்கலாம் என்கிறது. நீதிமன்றம் திருப்தியடையும்படி மன்னிப்புக் கேட்டால் விடுவிக்கலாம் என்பதும் அதே பிரிவுதான். பாதிப்பேர் கோட்டை விடுவது இந்த இடத்தில்தான்.

1. நோட்டீஸைப் படியுங்கள். உத்தரவை வேண்டுமென்றே மீறியதாகச் சொன்னால் உரிமையியல் அவமதிப்பு. நீதிமன்றத்தின் மதிப்பைக் குலைத்ததாகவோ நீதி நிர்வாகத்தில் குறுக்கிட்டதாகவோ சொன்னால் குற்றவியல் அவமதிப்பு.

2. உத்தரவு நிறைவேறாமல் கிடந்தால், முதலில் அதை நிறைவேற்றுங்கள். அதற்கான சான்றையும் மன்னிப்புக் கேட்கும் பிரமாணப் பத்திரத்தோடு இணையுங்கள். நிலுவைத் தொகையைக் கட்டாமல் வருத்தம் மட்டும் தெரிவித்தால் எந்த நீதிபதியும் நம்பமாட்டார்.

3. இனி வாசகம். வழுக்குவது இங்கேதான். 'மனம் புண்பட்டிருந்தால் வருந்துகிறேன்' என்று எழுதாதீர்கள். அந்த 'இருந்தால்' மன்னிப்பையே விழுங்கிவிடும். பத்துப் பக்கம் நியாயம் பேசிவிட்டுக் கடைசிப் பத்தியில் நிபந்தனையற்ற மன்னிப்பு என்று முடிப்பதும் வேண்டாம். நியாயப்படுத்தலும் மன்னிப்பும் ஒன்றாக நிற்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் 1954-லேயே எம்.ஒய். ஷரீப் வழக்கில் சொல்லிவிட்டது. நேர்மையாகக் கேட்ட மன்னிப்பை, நிபந்தனை கலந்தது என்பதற்காக மட்டும் தள்ளக்கூடாது என்று சட்டத்தில் ஒரு விளக்கம் உண்டு. அதை நம்பி வாசகத்தைத் தளர்த்தாதீர்கள். செய்தது இன்னது, அது தவறு, இனி நடக்காது: இந்த மூன்றும் போதும். ஒரு பக்கத்தைத் தாண்டினால் நான் அடித்துத் திருத்துவேன்.

4. முதல் வாய்தாவிலேயே தாக்கல் செய்யுங்கள். தண்டனை நெருங்கும்போது வரும் மன்னிப்புக்கு மதிப்பில்லை. மர அறுவை ஆலைகளுக்கு உச்ச நீதிமன்ற உத்தரவை மீறி அனுமதி தந்த வழக்கில், மகாராஷ்டிர அமைச்சர் ஒருவரின் மன்னிப்பையும் முதன்மைச் செயலாளர் ஒருவரின் மன்னிப்பையும் ஏற்காமல், 2006-இல் இருவருக்கும் ஒரு மாதச் சிறை விதிக்கப்பட்டது.

5. தவறு பொதுவெளியில் நடந்திருந்தால் மன்னிப்பும் அங்கேயே, அதே அளவில் வரட்டும். 2024-இல் பதஞ்சலி நிறுவனத்தின் விளம்பர வழக்கில், பத்திரிகையில் வந்த மன்னிப்பு உங்கள் விளம்பரங்களின் அளவுக்கு இருந்ததா என்று உச்ச நீதிமன்றம் கேட்டது.

6. நேரில் வரச் சொன்னால் வக்கீலை மட்டும் அனுப்பாதீர்கள்.

தவறே செய்யவில்லை என்று உறுதியாக நம்பினால் மன்னிப்புக் கேட்காமல் வாதாடுங்கள். பொதுநலனுக்காக நல்லெண்ணத்தோடு சொன்ன உண்மையை எதிர்வாதமாக ஏற்க 2006-ஆம் ஆண்டுத் திருத்தம் இடம் தருகிறது. வழக்கறிஞர் பிரசாந்த் பூஷண் தம் மீதான அவமதிப்பு வழக்கில் 2020-இல் மன்னிப்புக் கேட்க மறுத்தார். நீதிமன்றம் ஒரு ரூபாய் அபராதம் விதித்தது. எல்லோருக்கும் ஒரு ரூபாயோடு முடியும் என்று எண்ண வேண்டாம்.

கேட்பதா, வாதாடுவதா என்பதை முதல் நாளே முடிவு செய்துவிடுங்கள். இரண்டையும் கலந்தால் இரண்டுமே கைவிட்டுப் போகும்.