வேலையை விடுமுன் காரணத்தைத் தேடுங்கள்

ராஜகீழ்ப்பாக்கத்திலிருந்து தாம்பரம் சென்று, மின்சார ரயிலேறி வேலைக்குப் போய்வரும் நம் வாலிபர்களில் சிலர், “ஹஜ்ரத், வேலையில் மனம் ஒட்டவில்லை, விட்டுவிடலாமா?” என்று கேட்கிறார்கள். விடலாமா என்பது இரண்டாவது கேள்வி. ஏன் ஒட்டவில்லை என்பதே முதற் கேள்வி.

இமாம் கஸ்ஸாலி (ரஹ்) அவர்களுக்கும் இந்நிலை நேர்ந்தது. ஹிஜ்ரி 484ல் (கி.பி. 1091) பக்தாத் நிஜாமிய்யா மதரஸாவின் தலைமை ஆசிரியப் பதவி அவர்களுக்குக் கிடைத்தது. முன்னூறு மாணவர்கள், ஆட்சியாளரிடம் பெரும் மதிப்பு. ஆயினும் ஹிஜ்ரி 488ல் ஏறத்தாழ ஆறு மாதம், போவதா இருப்பதா என்று தவித்தார்கள். பாடம் நடத்த நா எழவில்லை, உணவு இறங்கவில்லை. நோய் உள்ளத்தில் இருக்கிறது என்று வைத்தியர்கள் கைவிட்டனர்.

இமாமவர்கள் தம் நிய்யத்தைச் சோதித்தார்கள். கற்பிப்பது நற்செயல்தான், ஆனால் தம்மை அதில் செலுத்தியது புகழாசையே என்று கண்டார்கள். வேர் தெரிந்த பின்னரே விலகினார்கள். அப்போதும் குழந்தைகளின் ஜீவனத்திற்கு வேண்டியதை ஒதுக்கிவிட்டே மீதியைக் கொடுத்தார்கள். ஹிஜ்ரி 499ல் நிஷாபூரில் மீண்டும் கற்பிக்கத் தொடங்கினார்கள். பணி அதுவே; நிய்யத் மாறியிருந்தது.

சகோதரர்களே! ராஜினாமா எழுதுமுன் மூன்றைச் சோதியுங்கள்.

1. தொழிலில் ஹராம் உண்டா? வட்டிக் கணக்கு எழுதுதல், மது விற்றல், எடையில் மோசடி போன்றவை இருந்தால் மனம் உறுத்துவது ஈமானின் அடையாளம். காலம் கடத்தாமல் ஹலாலான வழி தேடி வெளியேற வேண்டும்.

2. அநீதி உண்டா? சம்பளத் தாமதம், ஓயாத ஓவர்டைம், ஜும்ஆவுக்கு அனுமதி மறுத்தல் போன்றவையா? முதலில் முதலாளியிடம் மரியாதையாக எடுத்துச் சொல்லுங்கள். கேட்காமலே நம் குறை பிறருக்குத் தெரிந்துவிடாது.

3. குறை நம்மிடமா? வளைகுடா சென்ற மைத்துனரின் சம்பளத்தோடு ஒப்பிடுதல், கடன், தூக்கமின்மை, பஜ்ரு களாவாகுதல் ஆகியவை எந்த வேலைக்குப் போனாலும் கூடவே வரும்.

பின்னிரண்டும் காரணமாயின் அவசரம் வேண்டாம். மனைவி மக்களின் செலவு ஆண்மீது கடமை. வேறு வழி கிடைக்கும்வரை கையிலுள்ளதைப் பேணுங்கள். வீட்டாரிடமும் அனுபவசாலிகளிடமும் மஷ்வரா செய்யுங்கள். இரண்டு ரக்அத் தொழுது இஸ்திகாரா துஆ ஓதுங்கள். கனவு வரவேண்டும் என்பது அதற்கு நிபந்தனையல்ல. ஓதியபின் நலமெனப்பட்டதில் முயற்சி செய்வதே முறை.

அல்லாஹ் நம் யாவருக்கும் ஹலாலான, பரக்கத்துள்ள ரிஸ்கைத் தந்தருள்வானாக! ஆமீன்.